வாக்கி டாக்கியின் சாவி யார் கையில்?

தைப்பூசம் நெருங்கிவிட்டால் நத்தம் சாலை உறங்குவதில்லை. காரைக்குடிப் பக்கத்திலிருந்து காவடியும் பாதயாத்திரைக் கூட்டமும் திண்டுக்கல்லுக்குள் நுழைந்து, ஒட்டன்சத்திரம் வழியாகப் பழநிக்கு நகர்ந்துகொண்டே இருக்கும். சாலையோரம் நிற்கும் காவலரின் தோள்பட்டையில் ஒரு கறுப்புப் பெட்டி விடாமல் கரகரக்கும். எந்த இடத்தில் கூட்டம் தேங்குகிறது, எந்த லாரியை ஓரங்கட்ட வேண்டும், யாருக்கு மயக்கம் என்பதெல்லாம் அதில்தான் வரும். அவர்கள் வழக்கில் அது ‘மைக்’. “மைக்ல சொல்லிட்டாங்க” என்றால் மேலிடத்து உத்தரவு வந்தாயிற்று என்று பொருள்.

சட்டைப் பையில் செல்போன் இருக்க, இந்தப் பழைய பெட்டி எதற்கு? பொத்தானை அழுத்தி ஒருவர் பேசினால், அந்த அலைவரிசையில் இருக்கும் அத்தனை பேருக்கும் ஒரே நொடியில் கேட்கும். எண்ணைத் தேட வேண்டாம். மறுமுனையில் எடுக்கும்வரை காத்திருக்கவும் வேண்டாம். 2015 டிசம்பர் வெள்ளத்தில் சென்னையின் பல பகுதிகளில் செல்போன்கள் செத்துக் கிடந்தன. 2018 நவம்பர் 16 அன்று நாகப்பட்டினத்துக்கும் வேதாரண்யத்துக்கும் இடையே கரையேறிய கஜா புயல், டெல்டாவில் மின்கம்பங்களைச் சாய்த்துவிட்டுத் திண்டுக்கல் வழியாக மேற்கே போனது. கரண்ட் போன ஊர்களில் செல்போன் கோபுரமும் அடங்கியது. தனக்கென அலைவரிசையும் ரிப்பீட்டரும் பேட்டரியும் கொண்ட வயர்லெஸுக்கு இன்றும் மதிப்பு இருப்பது இதனால்தான்.

இந்த மதிப்பை வியாபாரமாக்கியவர்களில் முன்னோடி மோட்டரோலா. 1928இல் சிகாகோவில் கால்வின் என்ற பெயரில் தொடங்கிய கம்பெனி, 1936இல் போலீஸ் கார்களுக்கென்றே ஒரு ரேடியோவைக் கொண்டுவந்தது. 2011 ஜனவரியில் நிறுவனம் இரண்டாகப் பிரிந்தது. ஊரறிந்த செல்போன் ஒரு பக்கம் போக, போலீசுக்கும் தீயணைப்புக்கும் விற்கும் பிரிவு ‘மோட்டரோலா சொல்யூஷன்ஸ்’ ஆனது. செல்போன் பிரிவு கூகுளுக்கும், பிறகு லெனோவாவுக்கும் கைமாறியது. சத்தமில்லாத இந்தப் பிரிவோ 2024இல் 1,000 கோடி டாலருக்கு மேல் வருமானம் ஈட்டியது. அதில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் வந்தது பெட்டியை விற்று அல்ல. மென்பொருள், பராமரிப்பு, சேவை ஆகியவற்றிலிருந்து.

திண்டுக்கல்காரருக்கு இந்தக் கணக்கைப் புரியவைக்க ஒரு பூட்டு போதும். 2019இல் புவிசார் குறியீடு பெற்ற நம்மூர்ப் பூட்டில் லீவர்களைக் கையால் அராவிச் சேர்ப்பார்கள். அதனால் ஒன்றின் சாவி மற்றொன்றுக்குப் பொருந்தாது. வாங்கியவரிடம் சாவியையும் கொடுத்துவிடுவதோடு பட்டறைக்காரரின் வேலை முடிந்தது. சாவியைத் தானே வைத்துக்கொண்டு, கதவைத் திறக்கும்போதெல்லாம் கூலி கேட்டால் எப்படி இருக்கும்?

பிரிட்டனில் ஏறத்தாழ அதுதான் நடந்தது. அங்கே போலீஸ், தீயணைப்பு, ஆம்புலன்ஸ் மூன்றும் ‘ஏர்வேவ்’ என்ற ஒரே வலையமைப்பில் பேசுகின்றன. 2016இல் அதை மோட்டரோலா வாங்கியது. அதற்கு மாற்றாக அரசு திட்டமிட்ட புதிய வலையமைப்பிலும் ஒரு முக்கியப் பங்கு அதே நிறுவனத்திடம்தான் இருந்தது. புதியது வரத் தாமதமாகும் ஒவ்வோர் ஆண்டும் பழையதற்கு வாடகை ஓடியது. அரசுக்கு வேறு போக்கிடம் இல்லை. அந்நாட்டுப் போட்டி ஆணையம் விசாரித்து, 2023இல் கட்டணத்துக்கு உச்சவரம்பு விதித்தது. அதனால் ஆண்டுக்குச் சுமார் 20 கோடி பவுண்டு மிச்சமாகும் என்பது ஆணையத்தின் மதிப்பீடு. நிறுவனம் மேல்முறையீடு செய்தும் பலிக்கவில்லை.

தமிழ்நாட்டிலும் வயர்லெஸ் டெண்டர் ஒன்று 2018இல் பெரும் செய்தியானது. காவல் துறையின் டிஜிட்டல் வாக்கி டாக்கித் திட்டத்தில், ஒரே ஒரு நிறுவனம் மட்டும் கலந்துகொண்ட டெண்டரில் அதற்கே சுமார் 83 கோடி ரூபாய் ஒப்பந்தம் போனது எப்படி என்று உள்துறைச் செயலரே டிஜிபிக்குக் கடிதம் எழுதி விளக்கம் கேட்டிருந்தார். எதிர்க்கட்சியாக இருந்த திமுக விசாரணை கோரியது. முறைகேடு நடந்ததா என்பது விசாரணைக்கு உரிய விஷயம். ஒரே ஆள் வந்து நிற்கும் நிலைமை ஏன் உருவாகிறது என்பது கொள்கை வகுப்பவர்கள் கேட்டுக்கொள்ள வேண்டிய கேள்வி.

விடை, டெண்டரின் தொழில்நுட்பப் பக்கங்களில் இருக்கிறது. டிஜிட்டல் வயர்லெஸுக்கு டிஎம்ஆர், டெட்ரா போன்ற பொதுத் தரங்கள் உண்டு. சாதாரணப் பேச்சு என்றால், ஒரே தரத்தில் அமைந்த இரு கம்பெனி செட்டுகள் ஒத்துப்போகும். அலைவரிசையைப் பங்கிட்டுக் கொடுப்பது, பேச்சைப் பிறர் ஒட்டுக்கேட்காமல் மறைப்பது என்று மேலே போகப் போக, பல கம்பெனிகள் தங்கள் சொந்த முறையை நுழைத்துவிடும். முதல் ஆயிரம் செட்டை யாரிடம் வாங்குகிறோமோ, அடுத்த ஆயிரத்துக்கும் அவரிடமே போய் நிற்க வேண்டும். பேட்டரி, சார்ஜர், புரோகிராமிங் கேபிள் எல்லாமே அங்கேதான். உள்நாட்டில் 1954 முதல் இயங்கும் பொதுத்துறை நிறுவனமான பாரத் எலெக்ட்ரானிக்ஸுக்கு வயர்லெஸ் தயாரிப்பில் பழுத்த அனுபவம் உள்ளது. ஆனால், வேறொருவருக்கென்றே அளவெடுத்துத் தைத்ததுபோல் நிபந்தனைகள் இருந்தால் யார்தான் போட்டிக்கு வர முடியும்?

2024 டிசம்பர் 12 இரவு, திண்டுக்கல் திருச்சி சாலையில் ஒரு தனியார் மருத்துவமனை தீப்பிடித்தது. லிஃப்டுக்குள் சிக்கியவர்கள் மூச்சுத் திணறி மாண்டார்கள். புகைக்குள் தீயணைப்பு வீரர்கள், வாசலில் 108 ஆம்புலன்சுகள், சாலையில் போக்குவரத்தை விலக்கும் போலீசார் என ஒரே கட்டடத்தைச் சுற்றி மூன்று அமைப்புகள். இதுபோன்ற இரவில் இந்த மூன்றும் தங்களுக்குள் நேரடியாகப் பேச முடியுமா என்பது, பல ஆண்டுகளுக்கு முன் யாரோ ஒருவர் டெண்டர் எழுதிய அன்றே முடிவாகிவிடுகிறது.

அந்த டெண்டரில் மூன்று நிபந்தனைகளைச் சேர்க்கச் சட்டத் திருத்தம் எதுவும் தேவையில்லை. வேறு கம்பெனி செட்டும் இதில் பேசும் என்று வாங்கும் முன் களத்தில் காட்ட வேண்டும். மறைகுறியீட்டுச் சாவியும் புரோகிராமிங் உரிமையும் துறையிடமே இருக்க வேண்டும். பத்தாவது ஆண்டில் ஒரு பேட்டரி என்ன விலை என்பதை முதல் நாளே எழுதி வாங்க வேண்டும். சிறுமலைச் சரிவிலும் கொடைக்கானல் வளைவுகளிலும் சோதித்துப் பார்த்த பிறகே பணத்தை விடுவிக்கலாம். சமவெளியில் கணீரென்று கேட்கும் செட்டு, மலை குறுக்கே வந்தால் வெறும் இரைச்சலாகிவிடும் என்பது இந்த மாவட்டத்தில் பணியாற்றிய எந்தக் காவலரும் சொல்லக்கூடிய விஷயம். நிபந்தனை எழுதும் மேசைக்கு அவர்களில் ஒருவரையும் கூப்பிடலாம்.