அந்த நீல மக்

போன ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். கறிக்குழம்புச் சட்டியைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு ஹாலுக்கு வந்தால், கல்லூரியில் படிக்கும் மகள் லேப்டாப்பில் மூழ்கியிருந்தாள். 'தர்டீன்த்' என்ற அமெரிக்க ஆவணப்படம். ஏவா டுவெர்னே என்கிற கறுப்பினப் பெண் இயக்கி 2016-ல் வந்தது. பக்கத்தில் உட்கார்ந்து நானும் பார்த்தேன்.

1865-ல் அடிமை முறையை ஒழித்த 13-வது சட்டத் திருத்தத்தில் ஒரே ஒரு விலக்கு வைத்திருக்கிறார்கள். குற்றத்துக்குத் தண்டனை என்றால் மட்டும் கட்டாய வேலை வாங்கலாமாம். அந்த ஓட்டை வழியாகக் கறுப்பின மக்களைத் தலைமுறை தலைமுறையாகச் சிறைக்குள் தள்ளிய கதைதான் படம். முடிந்ததும் "சே, என்ன மனுஷங்கம்மா" என்றாள் மகள். நானும் உச்சுக் கொட்டினேன். அடுத்தவன் ஊர்க் கொடுமைக்கு உச்சுக் கொட்டுவது சுலபம் பாருங்கள்.

"நம்ம ஊர்ல இந்த மாதிரி யாரும் எடுக்கலையா?" என்று கேட்டாள்.

எடுத்திருக்கிறார்கள். 2003-லேயே மதுரையில் ஆர்.பி.அமுதன் 'பீ' என்று ஒரு சின்னப் படம் எடுத்தார். 2017-ல் திவ்யபாரதி எடுத்தது 'கக்கூஸ்'. பெயரைச் சொன்னதுமே என் மாமியார், "சாப்பிட்ட கை காயல, அதுக்குள்ள என்னடி பேச்சு" என்று எழுந்து உள்ளே போய்விட்டார்.

ஒன்றரை மணி நேரத்துக்கு மேல் ஓடுகிற படம். ஊர் ஊராகப் போகிறார்கள். பொதுக் கழிப்பறையிலும் தெரு ஓரத்திலும் மலத்தைக் கையால் அள்ளுகிறவர்கள், குழிக்குள் இறங்கிச் செத்தவர்களின் மனைவிமார்கள் எல்லோரும் கேமராவைப் பார்த்துப் பேசுகிறார்கள். யார் இந்த வேலையைச் செய்கிறார்கள் என்று பார்த்தால், எங்கே போனாலும் அதே சில சாதிகள்தான். இந்தப் படத்தைத் திரையிடப் பல ஊர்களில் போலீஸ் விடவில்லை. யூடியூபில் வந்தபிறகு இயக்குநருக்குப் போனில் மிரட்டல், ஆபாச வசவு. 2017 ஜூலையில், 2009-ல் மாணவியாக இருந்தபோது நடந்த ஒரு போராட்ட வழக்கைத் தூசி தட்டி எடுத்து அவரைக் கைதும் செய்தார்கள்.

பாதிப் படத்தில் மகள் நிறுத்தினாள். "அம்மா, நம்ம வீட்டு ப்ளூ மக் ஞாபகம் இருக்கா?"

எனக்கு மறந்தே போயிருந்தது. அவளுக்கு மறக்கவில்லை.

அவளுக்கு அப்போது ஏழு வயது. திருமுல்லைவாயலில் நாங்கள் வீடு கட்டி வந்த புதிது. எங்கள் பக்கம் பாதாளச் சாக்கடை கிடையாது, எல்லா வீட்டிலும் செப்டிக் டேங்க்தான். ஐப்பசி மழையில் டேங்க் நிரம்பி, பாத்ரூமில் தண்ணீர் எதிர்த்து வந்தது. லாரியைக் கூப்பிட்டோம். ஹோஸ் போட்டு உறிஞ்சியதில் தண்ணீர் வந்ததே தவிர, அடியில் இறுகிய சேறு வரவில்லை. "ஆள இறக்குனா சுத்தமா எடுத்துரலாம் சார், ஐந்நூறு கூட ஆகும்" என்றார் லாரிக்காரர். எங்கள் வீட்டுக்காரர் முந்நூறுக்குப் பேசி முடித்தார். நானும் பக்கத்தில்தான் நின்றேன். நல்ல பேரம் என்றுகூட நினைத்தேன்.

ஒருவர் சட்டையைக் கழற்றி வேப்பமரத்தில் மாட்டிவிட்டு இறங்கினார். நான் ஜன்னலைச் சாத்தி ஊதுபத்தி ஏற்றினேன். வெளியே வந்தவர் கை கால் கழுவத் தண்ணீர் கேட்டார். துணி துவைக்கும் சோப்பின் மிச்சத் துண்டையும், பாத்ரூமிலிருந்து ஒரு நீல மக்கையும் தரையில் வைத்துவிட்டுத் தள்ளி நின்றேன். அவர் போனதும் அந்த மக்கைக் குச்சியால் தள்ளிக் குப்பையில் போட்டேன். பெயர்கூடக் கேட்கவில்லை. இதையெல்லாம் வாசற்படியில் நின்று ஒரு ஏழு வயதுக் குழந்தை பார்த்துக்கொண்டிருந்திருக்கிறது.

அன்று அவர் உயிரோடு மேலே வந்தது அவர் அதிர்ஷ்டம். உள்ளே சேரும் ஹைட்ரஜன் சல்ஃபைடு வாயு முதலில் அழுகிய முட்டை மாதிரி நாறும். அளவு கூடினால் மூக்கு மரத்துப்போய் நாற்றமே தெரியாது. ஆபத்து போய்விட்டது என்று நினைக்கும் நேரத்தில் ஆள் சாய்ந்துவிடுவார். தூக்கப் போகிறவரும் கூடவே சாய்வார். ஒரே குழியில் இரண்டு பேர், மூன்று பேர் என்று செய்தி வருவது அதனால்தான். எங்களுக்கு இரண்டாவது ஸ்டேஷன் ஆவடி. அங்கே 2024 ஆகஸ்டில் அடைப்பு எடுக்கச் சாக்கடைக் குழிக்குள் இறங்கிய இளைஞர் ஒருவர் செத்துப்போனார். ஒப்பந்தத் தொழிலாளி.

சட்டம் இருக்கிறது. 1993-ல் ஒன்று, 2013-ல் அதைவிடக் கடுமையாக ஒன்று. இறந்தவர் குடும்பத்துக்குப் பத்து லட்சம் தரவேண்டும் என்று 2014-லும், முப்பது லட்சம் என்று 2023-லும் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் அந்த 2013 சட்டத்திலும் ஒரு ஓட்டை உண்டு. பாதுகாப்புக் கருவிகளோடு மலம் அள்ளுகிறவர் 'கையால் அள்ளுபவர்' கணக்கில் வரமாட்டார். ஒரு ஜோடி கையுறையைக் கொடுத்துவிட்டால் கணக்கு முடிந்தது. அமெரிக்காக்காரர்களின் 'மட்டும்' நினைவுக்கு வருகிறதா?

இன்னொன்றும் உண்டு. பாதுகாப்பில்லாமல் ஆளை இறக்கினால் முதல் முறைக்கே இரண்டு ஆண்டு வரை சிறை அல்லது இரண்டு லட்சம் வரை அபராதம், இரண்டும் சேர்ந்தும் வரலாம். நகராட்சிக்கும் கான்ட்ராக்டருக்கும் மட்டுமில்லை, வீட்டுக்காரர்களான நமக்கும் சேர்த்துத்தான். எனக்கு இது இந்த வாரம்தான் தெரியும்.

புதன்கிழமை எதிர்வீட்டுக்கு லாரி வந்தது. ஒரு பையன், இருபது வயதுகூட இருக்காது, சட்டைப் பட்டனைக் கழற்ற ஆரம்பித்ததும் அடுப்பை அணைத்துவிட்டு ஓடினேன். எதிர்வீட்டு அண்ணனிடம் இரண்டு வருடம், இரண்டு லட்சம் எல்லாவற்றையும் ஒப்பித்தேன். "பெரிய கலெக்டரம்மா" என்று அவர் முனகியது காதில் விழுந்தது. 14420-க்குப் போன் செய்து கேட்கட்டுமா என்றேன். லாரிக்காரர்தான் இறங்கி வந்தார். "ஆள் வேணாங்கக்கா. தண்ணிய வேகமா அடிச்சு சேத்தக் கலக்கி, ரெண்டு தடவ உறிஞ்சுனா வந்துரும். நேரமாவும், எண்ணூறு கூட ஆவும், அவ்ளோதான்." இத்தனை வருடமாக எண்ணூறு ரூபாய் விஷயம்தானா இது?

அண்ணன் முகத்தைத் தூக்கிவைத்துக்கொண்டே கொடுத்தார். இன்றுவரை என்னோடு பேசவில்லை.

வேலை முடிந்ததும் அந்தப் பையனுக்கு வீட்டிலிருந்து சொம்பில் தண்ணீர் கொண்டுபோனேன். கை கழுவிவிட்டு வாங்கியவன், உதட்டில் படாமல் அண்ணாந்து ஊற்றிக்கொண்டான்.

"வாய் வச்சே குடிப்பா."

"பரவால்லக்கா, பழகிருச்சு" என்று சிரித்தபடி சொம்பைத் தரையில் வைத்தான்.