கிரேக்கச் சிலை லூவரில்... ஆப்பிரிக்கச் சிலை ஏன் வேறிடத்தில்? கிறிஸ் மார்க்கர் கேட்ட கேள்வியும் 26 பொருட்களும்

2024 பெர்லின் திரைப்பட விழாவில் தங்கக் கரடி விருதை வென்றது மாத்தி டியோப் இயக்கிய ‘தஹோமே’. பாரிஸிலிருந்து பெனின் நாட்டுக்குத் திரும்பும் ஒரு சிலை, மரப்பெட்டிக்குள் இருந்தபடியே பேசும் படம் அது. ஆனா இந்தப் பேச்சு இப்போது தொடங்கியது இல்லை. 70 வருஷத்துக்கு முன்பே, அரை மணி நேரம் ஓடும் ஒரு பிரெஞ்சு ஆவணப்படம் இதைத் தொடங்கிவிட்டது. பெயர் ‘சிலைகளும் சாகின்றன’.

1953-ல் வந்த அந்தப் படத்தை கிறிஸ் மார்க்கரும் அலென் ரெனேவும் ஒளிப்பதிவாளர் கிஸ்லென் க்ளோகேவும் சேர்ந்து எடுத்தார்கள். பின்னணி உரையை எழுதியது மார்க்கர். கிரேக்க, எகிப்தியச் சிலைகளை லூவரில் கலையாக வைக்கிறீர்கள். ஆப்பிரிக்கச் சிலைகளை மட்டும் மானுடவியல் அருங்காட்சியகத்தில் வைப்பது ஏன்? கேள்வி இவ்வளவுதான். இதுக்கா தடை?

சிக்கல் படத்தின் பிற்பகுதியில் இருந்தது. வழிபாட்டுக்கும் வாழ்க்கைக்கும் செய்யப்பட்ட சிலை, காலனி ஆட்சி வந்த பிறகு வெள்ளையர்கள் வாங்கும் சந்தைச் சரக்காக மாறியது என்று படம் நேரடியாகச் சொன்னது. அப்போது பெனின், தஹோமே என்ற பெயரில் பிரெஞ்சு காலனி. தணிக்கையால் முழுப் படம் 10 ஆண்டுகளுக்கு மேல் பிரெஞ்சுத் திரைக்கு வரவில்லை.

மார்க்கர் என்றாலே எல்லோரும் சொல்வது ‘லா ஜெத்தே’ (1962). கிட்டத்தட்ட முழுக்க அசையாத புகைப்படங்களால் ஆன 28 நிமிட அறிவியல் புனைவு. ஹாலிவுட்டின் ‘12 மங்கீஸ்’ இதிலிருந்து பிறந்ததுதான். பிறகு ‘சான்ஸ் சொலெய்’ (1983), சிடி-ரோம் கலைப்படைப்பு, வயசான காலத்தில் ‘செகண்ட் லைஃப்’ இணைய உலகில் ஒரு கண்காட்சி என ஓயவே இல்லை மனுஷன். போட்டோ கேட்டா பூனைப் படம் அனுப்புவார். 2012-ல், தன் 91-வது பிறந்தநாளில் இறந்தார். ஆனால் இன்றைய அரசியலோடு அதிகம் உரசுவது அவருடைய அந்த ஆரம்பகாலப் படம்தான்.

லூவரில் ஆப்பிரிக்கச் சிற்பங்களுக்குத் தனிப்பகுதி 2000-ல்தான் கிடைத்தது. சிலைகளைத் திருப்பித் தருவது இன்னும் தாமதம். பொது அருங்காட்சியகப் பொருள் கைமாறக்கூடாது என்பது பிரெஞ்சுச் சட்டம். அதனால் 1892-ல் பிரெஞ்சுப் படை அபோமே அரண்மனையில் கொள்ளையடித்த பொருட்களில் 26-ஐத் தருவதற்கே 2020 டிசம்பரில் தனிச் சட்டம் போட வேண்டியிருந்தது. 2021 நவம்பரில் அவை பெனின் போய்ச் சேர்ந்தன.

பிரெஞ்சு அரசு கேட்டு வாங்கிய 2018 அறிக்கையின்படி, சஹாராவுக்குத் தெற்கே உள்ள நாடுகளின் சுமார் 90,000 பொருட்கள் பிரெஞ்சுப் பொது சேகரிப்புகளில் இருந்தன. அந்தக் கணக்கில் 26 என்ன? ‘தஹோமே’யில் பெனின் பல்கலைக்கழக மாணவர்கள் இதைத்தான் காரசாரமாக விவாதிக்கிறார்கள்: இது வெற்றியா, அவமானமா? சிலர் இன்னொன்றும் கேட்கிறார்கள். கோயிலிலும் அரண்மனையிலும் இருந்த பொருள், திரும்பி வந்தும் கண்ணாடிப் பெட்டிக்குள்தான் நிற்க வேண்டுமா?