ஒரு கிலோமீட்டர் கோடும் கிராம சபையும்

2022 ஜூன் மாதத்தில் இரண்டு ஆணைகள் வெளியாயின. கோதவர்மன் திருமுல்பாடு வழக்கில் ஜூன் 3 அன்று உச்சநீதிமன்றம், தேசியப் பூங்கா, சரணாலயம் ஒவ்வொன்றையும் சுற்றிக் குறைந்தது ஒரு கிலோமீட்டருக்குச் சூழல் கூருணர்வு மண்டலம் இருத்தல் வேண்டும், அதற்குள் எக்காரணத்துக்காகவும் புதிய நிரந்தரக் கட்டுமானம் கூடாது என்றது. அம்மாத இறுதியில் ஒன்றிய அரசு புதிய வனப் பாதுகாப்பு விதிகளை அறிவித்தது. வன நிலத்தைத் திட்டங்களுக்குக் கொடுக்க இறுதி ஒப்புதல் தருமுன் கிராம சபையின் இசைவு பெற்றாக வேண்டும் என்றிருந்த நிபந்தனை அவ்விதிகளில் காணாமற்போயிற்று. மலையடியில் குடிசை போடுவோருக்குக் கோடு இறுகியது. மலையையே கேட்போருக்குத் தளர்ந்தது.

சித்தூர், திருப்பதி மாவட்டத் தோழர்களுக்கு இது தொலைவிலுள்ள செய்தியன்று. திருப்பதி நகரின் தலைமேட்டிலேயே 353 சதுர கிலோமீட்டர் பரப்புள்ள வேங்கடேசுவரா தேசியப் பூங்கா இருக்கிறது. தெற்கே பலமனேர், குப்பம் பக்கம் கௌண்டின்யா சரணாலயம். 1980களில் தமிழக, கர்நாடகக் காடுகளிலிருந்து வந்து சேர்ந்த யானைகளுக்காக 1990இல் அமைக்கப்பட்டது. சேஷாசலம் 2010இல் உயிர்க்கோளக் காப்பகமாயிற்று. கிழக்குத் தொடர்ச்சி மலையின் இத்தென்பகுதியைத் தவிர உலகில் வேறெங்கும் செம்மரம் இயற்கையாகச் செழிப்பதில்லை. இக்காடுகள் காக்கப்பட வேண்டும் என்பதில் நமக்கு ஐயமில்லை. யாரிடம் கேட்டுக் கோடு கிழிக்கிறார்கள் என்பதே நம் கேள்வி.

நீதிமன்ற வரலாறு இதற்கு விடை சொல்கிறது. வனத்தை ஒட்டிய தனியார் நிலங்களைச் சூழல் நலிவுற்றவை என வகைப்படுத்தி, இழப்பீடின்றி அரசுடைமையாக்கக் கேரளம் 2003இல் சட்டமியற்றியது. எதிர்த்த உடைமையாளர்கள் ஆண்டுக்கணக்கில் வழக்காட முடிந்தது. பட்டா இருந்தது, வழக்குரைஞர் இருந்தார். ஒரு கிலோமீட்டர் ஆணைக்கு எதிராகக் கேரள அரசும் ஒன்றிய அரசும் சென்றன. 2023 ஏப்ரல் 26 அன்று அது திருத்தப்பட்டது. திருத்தம் நியாயமானதே. பூங்கா, சரணாலய எல்லையிலிருந்து ஒரு கிலோமீட்டருக்குள் சுரங்கத் தொழிலுக்கான தடை நீடிப்பதும் நல்லதே. குப்பத்துக் கிரானைட் குவாரிகளை அறிந்தவர் அதை வரவேற்பர்.

ஆனால் 2019 பிப்ரவரி 13 அன்று, வனவுரிமைக் கோரிக்கை நிராகரிக்கப்பட்டோரை வெளியேற்ற அதே நீதிமன்றம் ஆணையிட்டபோது நடந்தது என்ன? 11 லட்சத்துக்கும் மேற்பட்ட கோரிக்கைகள் அதில் அடங்கின. தன் சட்டத்தைக் காத்து வாதாட ஒன்றிய அரசு முனையவில்லை. நாடெங்கும் எதிர்ப்பு எழுந்த பின்னரே, பிப்ரவரி 28 அன்று ஆணை நிறுத்திவைக்கப்பட்டது.

மொழியும் ஒரு வேலிதான். கூருணர்வு மண்டல வரைவு ஒன்றிய அரசிதழில் இந்தியிலும் ஆங்கிலத்திலும் அச்சாகிறது. ஆட்சேபிக்க 60 நாட்கள். தெலுங்கும் தமிழும் பேசும் இவ்வட்டாரத்தின் யானாதிக் குடியிருப்பில் அதைப் படித்துச் சொல்வார் யார்? சுற்றுச்சூழல் தாக்க மதிப்பீட்டு வரைவை எட்டாம் அட்டவணையின் 22 மொழிகளிலும் பெயர்க்குமாறு தில்லி உயர்நீதிமன்றம் 2020இல் பணித்தபோது, ஒன்றிய அரசு அதை எதிர்த்து உச்சநீதிமன்றம் சென்றது. பெயர்ப்பதற்கு ஆகும் உழைப்பை அறிந்தவர்கள் நாம். மேல்முறையீட்டுக்கு ஆன செலவில் பாதிகூடத் தேவைப்பட்டிராது.

பேசமுடியாதோர் காட்டில் என்ன ஆவர் என்பதைத் தமிழகம் மறக்கவில்லை. 2015 ஏப்ரல் 7 அன்று சேஷாசலத்தில் செம்மரக் கடத்தல் தடுப்புப் படை சுட்டுக்கொன்ற 20 பேரும் திருவண்ணாமலை, தருமபுரி, சேலம் மாவட்டக் கூலித் தொழிலாளர்கள். கடத்தல் முதலாளி ஒருவரும் அவர்களில் இல்லை.

2006 வனவுரிமைச் சட்டத்தின் 4(5)ஆம் பிரிவு தெளிவானது: உரிமையை ஆராய்ந்து ஏற்கும் நடைமுறை முடியும்வரை வனவாசி எவரையும் வெளியேற்றலாகாது. ஆராய்தலைத் தொடங்கும் அதிகாரம் கிராம சபைக்கே உரியது. எனவே வரைவு வரும்வரை காத்திராமல், இரு மாவட்டக் கிளைகளும் வனத்தை ஒட்டிய ஊர்தோறும் தனிநபர் உரிமையோடு மேய்ச்சல், விறகு, நீர்வழி ஆகிய சமூக உரிமைக் கோரிக்கைகளையும் கிராம சபைத் தீர்மானமாக்கிப் பதிவு செய்யவேண்டும். ஒப்புகைச் சீட்டு பெறாமல் எந்த மனுவையும் கொடுத்துவிட்டு வரவேண்டாம்.