வாக்காளர் பட்டியலும் வாசல் மூடிய நீதியும்

கூட்டுறவுச் சங்கத் தேர்தல்களை எதிர்த்து உயர் நீதிமன்றங்களில் தொடுக்கப்படும் வழக்குகளை உள்ளூர்ப் பூசல் என்று ஒதுக்கிவிடுவது பெருமுதலாளித்துவ ஊடகங்களின் வழக்கம். சர்க்கரை ஆலையும் பால் ஒன்றியமும் மாவட்ட மத்தியக் கூட்டுறவு வங்கியும் யார் கையில் இருக்கின்றனவோ அவர்களே கரும்புக்கான பணம் எப்போது வரும், பயிர்க்கடன் யாருக்குக் கிடைக்கும் என்பதைத் தீர்மானிக்கிறார்கள். எனவே இவ்வழக்குகள் கிராமப்புற அதிகாரத்தைப் பற்றியவை.

சூழ்ச்சி வாக்குப்பதிவு நாளில் தொடங்குவதில்லை. வாக்காளர் பட்டியலில் தொடங்குகிறது. தவணை நிலுவை என்றும், குறிப்பிட்ட அளவு பால் ஊற்றவில்லை என்றும் காரணம் காட்டி உறுப்பினர்கள் நீக்கப்படுகிறார்கள். வறட்சியில் கடனைக் கட்ட இயலாத சிறு விவசாயியும், மாடு வற்றிப்போன ஏழைப் பெண்ணுமே இந்த விதிகளில் முதலில் சிக்குகிறார்கள்.

நீக்கப்பட்டவர் நீதிமன்றம் சென்றால் என்ன பதில் கிடைக்கிறது? நாமக்கல் தொகுதியில் வேட்புமனு நிராகரிக்கப்பட்ட பொன்னுசாமி வழக்கில், தேர்தல் நடவடிக்கை தொடங்கியபின் நீதிமன்றம் இடையில் தலையிடலாகாது என்று உச்ச நீதிமன்றம் 1952இல் தீர்ப்பளித்தது. சட்டமன்றத் தேர்தலுக்கு அரசமைப்புச் சட்டத்தின் 329ஆவது பிரிவு அந்தத் தடையை விதித்திருந்தது. கூட்டுறவுக்கு அப்படியொரு பிரிவு இல்லை. எனினும் 2001இல் மகாராஷ்டிரப் பால் கூட்டுறவுச் சங்க வழக்கொன்றில், வாக்காளர் பட்டியல் தயாரிப்பும் தேர்தல் நடைமுறையின் பகுதியே. குறை உள்ளவர் தேர்தல் முடிந்தபின் தேர்தல் மனு தொடுக்கட்டும் என்று அதே நீதிமன்றம் கூறியது. தேர்தல் தடைபடலாகாது என்ற நோக்கம் சரியானதே. ஆனால் விளைவு என்ன? பட்டியலைத் தயாரித்தவர்களே வென்று பதவியில் அமர்கிறார்கள். நீக்கப்பட்டவரோ வழக்கு முடியும்வரை வெளியே நிற்கிறார்.

ஆகவே, பட்டியலை யார் தயாரிப்பது, தகராறை யார் விசாரிப்பது என்பவையே அடிப்படைக் கேள்விகள். இவ்விரண்டையும் தன் பிடிக்குள் கொண்டுவருவதே மோடி அரசு அளித்துள்ள விடை.

கூட்டுறவு, மாநிலப் பட்டியலின் 32ஆவது இனத்தில் உள்ள பொருள். காங்கிரஸ் தலைமையிலான அரசு கொண்டுவந்த 97ஆவது அரசமைப்புத் திருத்தம், பாதி மாநிலங்களின் ஒப்புதலைப் பெறாமலேயே 2012இல் நடைமுறைக்கு வந்தது. குஜராத் உயர் நீதிமன்றம் 2013இல் அதன் 9பி பகுதியைச் செல்லாததாக்கியது. 2021 ஜூலை 20 அன்று உச்ச நீதிமன்றம், மாநிலச் சங்கங்களைப் பொறுத்தவரை அப்பகுதி செல்லாது என்றும், பல மாநிலச் சங்கங்களுக்கு மட்டுமே பொருந்தும் என்றும் பெரும்பான்மைத் தீர்ப்பில் உறுதிசெய்தது. அதற்கு இரு வாரங்களுக்கு முன்னர்தான் அமித்ஷாவின் பொறுப்பில் கூட்டுறவு அமைச்சகம் உருவாக்கப்பட்டிருந்தது.

முன்வாசல் அடைபட்டதும் பின்வாசல் திறக்கப்பட்டது. பல மாநிலக் கூட்டுறவுச் சங்கங்கள் திருத்தச் சட்டம் 2023இன்படி, மாநிலச் சட்டத்தில் பதிவான சங்கம், பொதுப்பேரவையில் வந்திருந்து வாக்களிப்போரில் மூன்றில் இரு பங்கினர் தீர்மானித்தால், பல மாநிலச் சங்கத்துடன் இணைந்துவிடலாம். பேரவைக்கு வராத உறுப்பினரும் தம் மாநிலச் சட்டத்தின் எல்லைக்கு வெளியே தள்ளப்படுகிறார். அதன்பின் அவருடைய வாக்காளர் பட்டியலை மேற்பார்வையிடுவது ஒன்றிய அரசு நியமிக்கும் கூட்டுறவுத் தேர்தல் ஆணையம். தேர்தல் தகராறை விசாரிப்பவர், 84ஆவது பிரிவின்படி மத்தியப் பதிவாளர் நியமிக்கும் நடுவர். தேர்தலை நடத்துவோரும் தீர்ப்பு வழங்குவோரும் ஒரே அரசின் கையால் நியமிக்கப்படுகிறார்கள்!

முன்னர் நிர்வாகக் குழுவே தன் தேர்தலைத் தானே நடத்தியது. அதைவிட இது மேலல்லவா என்று சட்டத்தின் ஆதரவாளர்கள் கேட்கிறார்கள். பழைய முறை மோசமானதே. ஆனால் சங்க முதலாளியிடமிருந்து பறித்த சாவியை அமைச்சகத்திடம் கொடுப்பது சீர்திருத்தமாகாது. உறுப்பினருக்கு அதில் கிடைப்பது எசமான மாற்றம் மட்டுமே.

மாநில அரசுகளும் குற்றமற்றவை அல்ல. நிர்வாகக் குழுக்களைக் கலைத்துத் தனி அலுவலர்களைக் கொண்டு சங்கங்களை நடத்துவது பல கட்சி ஆட்சிகளுக்கும் பழகிப்போன ஒன்று. 97ஆவது திருத்தம் அத்தகைய நிர்வாகத்துக்குப் பொதுவாக ஆறு மாத வரம்பு விதித்தது; மாநிலச் சங்கங்களைப் பொறுத்தவரை அந்த அரசமைப்புக் காப்பு இன்று இல்லை. மாநில உரிமையைக் காத்த தீர்ப்பை, தேர்தலைத் தள்ளிப்போடும் உரிமையாகத் திரிப்பதை இடதுசாரிகள் ஏற்க முடியாது. கூட்டாட்சியின் பெயரால் உறுப்பினரின் வாக்கு பறிபோகலாகாது.

எனவே கோரிக்கைகள் தெளிவானவை. சங்க நிர்வாகத்துக்கும் அரசுக்கும் கட்டுப்படாத தேர்தல் ஆணையம் ஒவ்வொரு மாநிலத்திலும் வேண்டும். தேர்தல் அறிவிப்புக்கு முன்பே பட்டியல் வெளியிடப்பட்டு, ஆட்சேபணைகள் எழுத்துபூர்வமான உத்தரவால் தீர்க்கப்பட வேண்டும். தேர்தல் மனுக்களைப் பதிவாளர் நியமிக்கும் அலுவலர் அல்லாமல், நீதித்துறை நடுவம் ஆறு மாதத்துக்குள் முடிக்க வேண்டும். மாநிலச் சங்கங்களை இழுத்துக்கொள்ளும் இணைப்புப் பிரிவு நீக்கப்பட வேண்டும்.

சட்டம் மாறும்வரை காத்திருக்கத் தேவையில்லை. வரைவுப் பட்டியல் வெளியாகும் நாளிலேயே விவசாயிகள் சங்கக் கிளைகள் அதை வீடுவீடாகச் சரிபார்க்க வேண்டும். நீக்கப்பட்ட ஒவ்வொருவரின் ஆட்சேபணையும் கெடுவுக்குள் ஒப்புகைச் சீட்டுடன் பதிவாக வேண்டும். வாக்குப்பெட்டிக்கு முன் நடக்கவேண்டிய போராட்டத்தை வாக்கு எண்ணிக்கைக்குப் பின் நீதிமன்றத்தில் வென்றுவிட முடியாது.