பி.எட். சேரப் போறீங்களா? போர்டை நம்பாதீங்க, ஆணையைப் பாருங்க

‘அரசு அனுமதி பெற்றது’ என்று கல்லூரி வாசலில் போர்டு இருந்தால் போதுமா? போதாது. 1993-ம் ஆண்டு சட்டப்படி, என்.சி.டி.இ. எனப்படும் தேசிய ஆசிரியர் கல்விக் கவுன்சில் அங்கீகரித்த பிறகே பல்கலைக்கழகம் இணைப்பு தரலாம், தேர்வு நடத்தலாம். அங்கீகாரம் ரத்தான பிறகு நடத்தும் படிப்பில் வாங்கிய பட்டம், அரசு வேலைக்கும் அரசு உதவிபெறும் பள்ளி வேலைக்கும் செல்லாது.

அங்கீகாரம் வாங்காமல் படிப்பு நடத்திய சில மத்திய, மாநில அரசு நிறுவனங்களை 2019-ல் வந்த சட்டத் திருத்தம் காப்பாற்றியது. 2017-18 கல்வியாண்டு வரையிலான படிப்புகளுக்கு முன்தேதியிட்டு அங்கீகாரம் கிடைத்தது. தனியார் கல்லூரிகளுக்கு அந்தச் சலுகை இல்லை.

அதனால் ஃபீஸ் கட்டும் முன் மூணு விஷயம் பாருங்க: ஆணையில் உங்கள் படிப்பின் பெயர், அனுமதித்த இடங்கள், ரத்து உத்தரவு ஏதும் வந்திருக்கிறதா. தப்பு கல்லூரியுடையதாக இருந்தாலும், வேலை போவது உங்களுக்குத்தான்.