கழித்துப் போட்ட சக்கரங்கள்

2016 ஏப்ரல் 29, நண்பகலுக்குச் சற்று முன். வட கடலின் குல்ஃபாக்ஸ் எண்ணெய் மேடையிலிருந்து பணியாளர்கள் 11 பேரை ஏற்றிக்கொண்டு, பெர்கன் நகரை நோக்கி ஒரு சூப்பர் பூமா வந்துகொண்டிருந்தது. நார்வேக் கரையை ஒட்டிய டுரோய் தீவுப் பக்கம் வந்தபோது, சுமார் 2,000 அடி உயரத்தில், அதன் மேல் விசிறி மொத்தமாகக் கழன்றது. கீழே இருந்த ஒருவர் கைபேசியில் எடுத்த காணொளியை உலகமே பார்த்தது. ஹெலிகாப்டர் இல்லை, விசிறி மட்டும் தன்பாட்டில் சுழன்றபடி இறங்கிவருகிறது. உடல்பகுதி அதற்கு முன்பே ஒரு பாறைத்திட்டில் மோதி வெடித்துவிட்டது. இரண்டு விமானிகளோடு சேர்த்து 13 பேர் இறந்தனர். விமானிகள் தவறு செய்யவில்லை. பராமரித்தவர்கள் மீதும் குறையில்லை. கழலும் நொடிவரை ஒரு எச்சரிக்கை விளக்குகூட எரியவில்லை.

உடைந்தது ஒரு பல்சக்கரம். இந்த ஹெலிகாப்டரின் என்ஜின் நிமிடத்துக்குச் சுமார் 23,000 சுற்றுச் சுற்றும். விசிறிக்குத் தேவை 265 சுற்றுதான். இந்த வேகத்தைக் குறைத்துக் கொடுப்பது கியர்பாக்ஸ். அதன் மேல்தட்டில், அதாவது இரண்டாம் நிலையில், நடுச்சக்கரத்தைச் சுற்றி எட்டுச் சிறு சக்கரங்கள் ஓடும். சூரியனைச் சுற்றும் கோள்களைப்போல ஓடுவதால் அவற்றுக்குக் கோள் சக்கரங்கள் என்றே பெயர். எட்டில் ஒன்று பிளந்தால் துண்டுகள் அடுத்த பற்களுக்கிடையே சிக்கும், உறை கிழியும், விசிறியைத் தாங்கும் பகுதியே பெயர்ந்துவிடும். ஒன்று போனால் இன்னொன்று தாங்கும் என்ற மாற்று ஏற்பாடு ஏதும் கிடையாது. இருக்கவும் முடியாது. ஹெலிகாப்டர் என்ற இயந்திரத்தின் இயல்பு அது. ஆகவே அந்தச் சக்கரத்தைச் செய்பவருக்கு, உலகில் வேறு யாரையும்விட அதைப் பற்றி அதிகம் தெரிந்திருக்க வேண்டிய கடமை உண்டு.

தெரிந்திருந்ததா? ஏழாண்டுகளுக்கு முன், 2009 ஏப்ரல் 1 அன்று, ஸ்காட்லாந்தின் பீட்டர்ஹெட் கடற்கரைக்கு அப்பால் இதே குடும்பத்தைச் சேர்ந்த இன்னொரு சூப்பர் பூமா இதே விதமாக விழுந்தது. மில்லர் எண்ணெய் மேடையிலிருந்து அபர்டீன் திரும்பிக்கொண்டிருந்த 16 பேர் இறந்தனர். அங்கும் இரண்டாம் நிலைக் கோள் சக்கரம் உலோகக் களைப்பால் பிளந்தது. விபத்துக்கு ஒரு வாரம் முன், மார்ச் 25 அன்று, கியர்பாக்ஸ் எண்ணெயில் செருகியிருந்த காந்தத்தில் ஓர் இரும்புச் சில்லு ஒட்டியிருந்தது. ஸ்காட்லாந்தில் அதைக் கண்டவர்கள் பிரான்சில் தயாரிப்பாளரிடம் பேசினார்கள். ஒருவர் சொன்னதை மற்றவர் வேறுவிதமாகப் புரிந்துகொண்டார். கையேடு சொன்னபடி கோள் சக்கரப் பெட்டியைத் திறந்து பார்க்கவேண்டிய வேலை நடக்காமலே போயிற்று. இயக்கிய நிறுவனம் அந்த வேலையைக் கையேட்டின்படி செய்திருந்தால் விபத்தைத் தவிர்த்திருக்க வாய்ப்புண்டு என்று ஸ்காட்லாந்து நீதிமன்ற விசாரணை 2014-ல் சொன்னது. யார்மீதும் குற்ற வழக்குப் போடவில்லை.

இதற்கும் பின்னே போகலாம். 1980 டிசம்பரில் புருணையின் குவாலா பெலாயிட் அருகே மூத்த மாடலான பூமா ஒன்று விழுந்தபோது உடைந்ததும் இரண்டாம் நிலைக் கோள் சக்கரம்தான்.

விபத்து நடப்பதாலேயே ஒரு நிறுவனம் குற்றவாளி ஆகிவிடாது. பறக்கும் எதுவும் விழக்கூடும். நாம் இங்கே தீர்ப்புச் சொல்ல முனைவது விழுந்ததைப் பற்றி அல்ல. நார்வே விபத்து விசாரணை வாரியம் 2018 ஜூலை 5 அன்று வெளியிட்ட இறுதி அறிக்கையில் பேரோசை இல்லாத ஒரு கண்டுபிடிப்பு இருக்கிறது. இந்தக் கோள் சக்கரங்களில் மிகச் சிலவே தமக்கு விதித்த ஆயுள் முழுவதும் ஓடின. மற்றவை, கியர்பாக்ஸைப் பிரித்துச் சீர் பார்க்கும்போது, தேய்வோ பள்ளமோ தெரிந்து, இடையிலேயே கழிக்கப்பட்டன. அப்படிக் கழித்த சக்கரங்களை அறுத்துப் பார்த்து, ஏன் இவை ஆயுள் முடியுமுன்னே கெடுகின்றன என்று ஆராயும் வழக்கம் தயாரிப்பாளரிடம் இருக்கவில்லை. அளவுகோலில் தேறவில்லை, எடுத்துவிட்டு வேறு போடு. கோப்பு முடிந்தது.

ஆண்டுக்கணக்கில் வந்துகொண்டிருந்த செய்தியைப் பிரித்துப் படிக்காமலே குப்பையில் போட்டிருக்கிறார்கள். ஒரு லாரிப் பட்டறையில் மூன்றாம் முறை அதே பேரிங் போனால், மேஸ்திரி அதைக் கையிலெடுத்து வெளிச்சத்தில் திருப்பிப் பார்ப்பார். அந்தச் சின்ன ஆர்வத்தைத்தான் இங்கே எதிர்பார்த்தோம்.

நிறுவனத்தின் பக்கமும் ஒரு வாதம் உண்டு. விரிசல் விடும் சக்கரம் முதலில் மேற்பரப்பில் செதில் உதிர்க்கும், செதில் எண்ணெயில் மிதந்து காந்தத்துக்கு வரும், காந்தம் நம்மை எழுப்பும் என்பது அவர்களின் நம்பிக்கை. சான்றளித்த அதிகாரிகளும் அதையே நம்பினார்கள். டுரோயில் உடைந்த சக்கரம் இந்த நம்பிக்கையைப் பொய்யாக்கியது. கண்ணுக்குத் தெரியாத ஒரு நுண்பள்ளத்தில் தொடங்கிய விரிசல் மேற்பரப்புக்கு அடியிலேயே ஊர்ந்து வளர்ந்திருக்கிறது. காந்தத்தை எழுப்பும் அளவுக்கு உலோகம் உதிரவில்லை. இப்படியொரு முறிவை யாரும் முன்கூட்டி எதிர்பார்க்கவில்லை என்று அறிக்கையே ஒப்புக்கொள்கிறது. அதை நாமும் ஏற்கிறோம். ஆனால் 2009-ல் 16 உயிர் போனபோது முன்னறிவிப்பாகக் கிடைத்தது ஒரே ஒரு சில்லு. சக்கரத்தின் எல்லாத் துண்டுகளும் கடலிலிருந்து கிடைக்கவில்லை, விரிசல் எங்கே தொடங்கியது என்பது தீர்க்கப்படாமலே நின்றது. கேள்விக்கு விடை கிடைக்காத நிலையில், காந்தத்தை இன்னும் அடிக்கடி பார்க்கச் சொல்வதோடு பெரும்பாலும் நின்றுவிட்டார்கள். விடை தேடிப் போகவேண்டிய இடம் கழித்த சக்கரங்கள் கிடந்த இடம். அங்கே யாரும் போகவில்லை. இந்த நிறுவனத்தின் மீது நாம் சொல்லும் குற்றம் இதுதான்.

குற்றம் சுமத்தப்படுவது ஏதோ ஒரு மூலைப் பட்டறை அல்ல என்பதால்தான் இத்தனை கடுமை. மார்செய் அருகே மரிஞானிலும் ஜெர்மனியின் டோனாவொர்த்திலும் ஆலைகள் வைத்திருக்கும் ஏர்பஸ் ஹெலிகாப்டர்ஸ், 1992-ல் பிரான்சின் ஏரோஸ்பசியாலும் ஜெர்மனியின் எம்பிபியும் தத்தம் ஹெலிகாப்டர் பிரிவுகளை இணைத்தபோது யூரோகாப்டர் என்ற பெயரில் பிறந்தது. 2014-ல் இப்போதைய பெயருக்கு மாறியது. வம்சம் பெருமைக்குரியது. 1955-ல் பறந்த அலுவெட் 2, விசையாழி என்ஜினோடு பெருமளவில் உற்பத்தியான முதல் ஹெலிகாப்டர். 1967-ல் பறந்த ஜெர்மானிய பிஓ105, கீல் இல்லாத விசிறித் தலையோடு வந்து வடிவமைப்பாளர்களை வியக்கவைத்தது. 2005 மே மாதம் எவரெஸ்ட் உச்சியிலேயே ஒரு ஏஎஸ்350-ஐ இறக்கிக் காட்டினார்கள். நமக்கும் இந்தக் குடும்பம் அந்நியமில்லை. பெங்களூரு எச்.ஏ.எல். உரிமம் வாங்கிச் செய்த சேத்தக், அலுவெட் 3-தான். இமயத்தின் உயரங்களில் பறக்க இந்திய ராணுவம் கேட்டதற்காக அவர்கள் வடித்த லாமாதான் நம் சீட்டா. சியாச்சினில் உறைந்த கால்களோடு கிடந்த எத்தனையோ சிப்பாய்களைக் கீழே கொண்டுவந்தது அந்த மெல்லிய கூடு. (அரை நூற்றாண்டு கடந்தும் அதையே ஓட்டவைத்து விமானிகளின் மனைவியரை மனுவோடு தில்லி வாசலில் நிறுத்தியது நம் அரசுகளின் பாவம். அதை மார்செய் கணக்கில் எழுத முடியாது.) இவ்வளவு திறமை உள்ளவர்களுக்குத் தெரியவில்லை என்று சொல்ல முடியாது. தெரிந்துகொள்ள முயலவில்லை என்றுதான் சொல்லமுடியும்.

இது கியர்பாக்ஸோடு முடிந்திருந்தால், ஒரு துறையின் அசட்டை என்று விட்டிருக்கலாம். எவரெஸ்டில் இறங்கிய அதே ஏஎஸ்350 வகையின் கதையைப் பாருங்கள். 2015 ஜூலை 3 அன்று அமெரிக்காவின் கொலராடோ மாநிலத்தில் ஃபிரிஸ்கோ என்ற ஊரில், மருத்துவமனைத் தளத்திலிருந்து கிளம்பிய அவசர மருத்துவ ஹெலிகாப்டர், அரை நிமிடத்தில் பக்கத்து வாகன நிறுத்துமிடத்தில் விழுந்தது. எரிபொருள் கொட்டித் தீப்பிடிப்பது கண்காணிப்பு கேமராவில் பதிவாகியிருக்கிறது. விமானி இறந்தார். உடன் வந்த செவிலியர் இருவரும் உயிர் தப்பினார்கள், அவர்களில் ஒருவர் உடலின் பெரும்பகுதி வெந்த நிலையில். விழுந்தாலும் கிழியாத எரிபொருள் தொட்டி என்பது அப்போது புதுமை அல்ல. அமெரிக்கா 1994-லேயே அதைக் கட்டாயமாக்கியிருந்தது. ஆனால் புதிதாகச் சான்று வாங்கும் மாடல்களுக்கு மட்டும். 1970-களில் சான்று பெற்ற மாடலை 2013-ல் புதிதாகச் செய்து விற்றாலும் பழைய தொட்டியையே வைக்கலாம். சட்டம் தடுக்கவில்லை, வைத்தார்கள். தயாரிப்பாளரும் இயக்கிய நிறுவனமும் சேர்ந்து பாதிக்கப்பட்ட செவிலியருக்கு 10 கோடி டாலர் கொடுத்து வழக்கை முடித்துக்கொண்டன. புதிதாகச் செய்யும் எல்லா ஹெலிகாப்டருக்கும் விழுந்தாலும் கிழியாத எரிபொருள் ஏற்பாடு வேண்டும் என்று அமெரிக்க நாடாளுமன்றம் 2018-ல் சட்டம் போட்ட பிறகே ஓட்டை அடைபட்டது.

இரண்டு கதையிலும் சட்டமீறல் இல்லை. கழித்த சக்கரத்தை ஆராய் என்று விதி கேட்கவில்லை, ஆராயவில்லை. பழைய மாடலுக்கு நல்ல தொட்டி வை என்று விதி கேட்கவில்லை, வைக்கவில்லை. விதி என்பது கடைசித் தரம், அதற்குக் கீழே போனால் விற்க அனுமதியில்லை என்பதற்கான கோடு. அந்தக் கோட்டையே தன் மனசாட்சியின் உச்சவரம்பாக வைத்துக்கொண்ட ஒரு நிறுவனத்தை, சட்டத்துக்கு உட்பட்டது என்று நீதிமன்றம் விட்டுவிடலாம். நாம் விடவேண்டியதில்லை.

கண்காணிக்க வந்தவர்களும் தப்பமுடியாது. டுரோய் விபத்துக்குப் பின் ஐரோப்பிய விமானப் பாதுகாப்பு முகமை 2016 ஜூனில் இவ்வகைச் சூப்பர் பூமாக்கள் பறக்கத் தடை போட்டது, அக்டோபரில் விலக்கிக்கொண்டது. நார்வே வாரியத்தின் இறுதி அறிக்கை வர இன்னும் ஏறத்தாழ இரண்டு ஆண்டுகள் இருந்தன. கியர்பாக்ஸில் பயன்பட்ட இரண்டு வகைக் கோள் சக்கரங்களில் அழுத்தம் அதிகம் தாங்கவேண்டிய வகையை நீக்கிவிட்டோம், ஆயுளைக் குறைத்துவிட்டோம், போதும் என்றார்கள். வேறுபட்ட அந்த இரண்டு வகைகளும் விபத்துவரை ஒன்றுபோலவே பாவிக்கப்பட்டன என்பதை நினைத்தால் அந்த அவசரம் இன்னும் உறுத்துகிறது. பிரிட்டனும் நார்வேயும் மட்டும் 2017 ஜூலை வரை தடையைப் பிடித்து வைத்தன.

தடை நீங்கிய பிறகும் சூப்பர் பூமா வட கடலுக்குத் திரும்ப முடியவில்லை. தொழிலாளர்கள் ஏறமாட்டோம் என்றார்கள். எண்ணெய் மேடைக்குப் போக வேறு வழியில்லாதவர்கள், இரண்டு மூன்று வாரம் வேலை செய்து ஒவ்வொரு முறையும் அதே வானத்தைக் கடந்து வீடு திரும்பவேண்டியவர்கள், பொறியாளர்களின் உத்தரவாதத்தைக் கேட்டுவிட்டுத் தலையாட்ட மறுத்தார்கள். தடை நீங்கினாலும் இனி எடுப்பதில்லை என்று நார்வேயின் ஸ்டாடாயில் நிறுவனமே அறிவித்தது. மரிஞானிலும், சான்றளிக்கும் அலுவலகத்திலும் எழாத கேள்வி, உயிர்காக்கும் உடுப்பை மாட்டிக்கொண்டு வரிசையில் நின்றவர்களிடம் எழுந்தது. வேலைக்கு வந்தவனுக்குத் தொழில்நுட்பம் தெரியாது என்று அதைப் பதற்றமாக ஒதுக்கப் பார்த்தவர்களும் உண்டு. தெரிந்தவர்களின் கணக்குத்தான் 2009-க்குப் பிறகு மறுபடி 13 உயிரை எடுத்தது.

இதெல்லாம் ஐரோப்பியர் விவகாரம் என்று இருக்க நமக்கு வாய்ப்பில்லை. மும்பை ஹை எண்ணெய் மேடைகளுக்கு ஆட்களைச் சுமக்கும் பவன் ஹன்ஸின் டாஃபின்கள் இதே நிறுவனத்தின் படைப்பு. ஏஎஸ்350-இன் இன்றைய பெயர் எச்125. அதை டாடா நிறுவனத்தோடு சேர்ந்து இந்தியாவில் தொகுக்கப்போவதாக 2024 ஜனவரியில் அறிவித்தார்கள், கர்நாடகத்தின் கோலார் மாவட்டத்தில் வேமகல் அதற்கான இடமானது. தனியார் துறையில் இந்தியாவின் முதல் ஹெலிகாப்டர் ஆலை என்று கொண்டாட்டம் நடக்கிறது. கொண்டாடட்டும், வேலைவாய்ப்பு வரவேற்கத்தக்கதுதான். ஆனால் இந்த நாட்டின் விமானப் போக்குவரத்து இயக்குநரகம் ஐரோப்பியச் சான்றிதழைப் பார்த்து முத்திரை குத்துவதோடு நிற்குமானால், வட கடலில் நடந்ததைப் படித்தும் படிக்காதவர்களாவோம். இந்தியாவில் பறக்கும் இந்நிறுவன ஹெலிகாப்டர்களிலிருந்து ஆயுள் முடியுமுன் கழற்றப்படும் கியர்பாக்ஸ் பாகம் ஒவ்வொன்றும் எத்தனை மணி ஓடியது, எதனால் கழிக்கப்பட்டது, அறுத்துப் பார்த்தார்களா, என்ன கண்டார்கள் என்பதைத் தயாரிப்பாளர் ஆண்டுதோறும் எழுத்தில் தரவேண்டும். இயக்குநரகம் அதைப் பொதுவில் வெளியிட வேண்டும். உரிமத்தின் நிபந்தனையாக இதைச் சேர்க்கச் சொல்லி விமானப் போக்குவரத்து அமைச்சகத்தைக் கேட்கிறோம்.