எள்ளலும் பள்ளியும்

கல்லூரி திறந்து, முதலாண்டு வகுப்பில் வருகைப்பதிவேட்டை முதன்முறையாகப் பிரிக்கும் நாளில் நான் ஆண்டுதோறும் தவறாமல் காணும் காட்சி ஒன்றுண்டு. பெயர்களை வரிசையாக அழைத்துக்கொண்டே வருவேன். ஏதேனும் ஒரு பெயர் வந்ததும் பின்வரிசையில் நான்கைந்து பேர் அடக்கமாட்டாமல் சிரிப்பர். அப்பெயரில் நகைப்பதற்கு ஒன்றும் இராது. ஒரே பள்ளியிலிருந்து வந்த அவர்கள், அம்மாணவனுக்கு ஆறாம் வகுப்பிலேயே வேறொரு பெயர் சூட்டியிருப்பர். கருமை, குள்ளம், திக்குவாய், தந்தையின் தொழில் இவற்றுள் ஏதேனும் ஒன்று அப்பெயருக்கு மூலமாக இருக்கும். எழுந்து நிற்கும் மாணவனும் உடன் சிரிப்பான். "சரி, உட்கார்" என்று கூறிவிட்டு அடுத்த பெயருக்குச் செல்வது ஆசிரியர் வழக்கம். நானும் பல்லாண்டுகள் அவ்வாறே சென்றவன்தான்.

அவனும் உடன் சிரிக்கிறான் என்பதே நம் மனச்சான்றுக்குப் போதுமான விடையாகிவிடுகிறது. "விளையாட்டுத்தானே, அவனே சிரிக்கிறானே" என்று அமைதி அடைகிறோம். தமிழ் கற்றோர் இவ்வாறு ஏமாறுதல் தகாது. மெய்ப்பாட்டியலில் நகை பிறக்கும் நிலைக்களன்கள் நான்கினைக் கூறவந்த தொல்காப்பியர், அவற்றுள் எள்ளலையே முதலில் வைத்தார். அதற்கு உரைகண்ட பேராசிரியரோ எள்ளலை இரண்டாகப் பகுத்தார். பிறரைத் தான் எள்ளி நகுதல் ஒன்று. பிறரால் தான் எள்ளப்பட்டபோது தானே நகுதல் மற்றொன்று. எள்ளப்பட்டவனும் நகுவான் என்பதைப் பன்னூறு ஆண்டுகளுக்கு முன்பே அந்த உரையாசிரியர் கண்டிருக்கிறார். உளவியல் நூல்களைப் புரட்டும் நாம் நம் வகுப்பறையில் அதனைக் காணத் தவறுகிறோம். அந்த இரண்டாவது நகை மகிழ்ச்சியன்று, உடன்பாடும் அன்று. சிரிக்காவிட்டால் மேலும் அடிவிழும் என்பதை அறிந்துகொண்ட பிள்ளையின் தற்காப்பு அது.

இதனை நான் நூலிலிருந்து மட்டும் கற்றுக்கொள்ளவில்லை. பணியில் சேர்ந்த புதிதில், செய்யுளை வாய்விட்டுப் படிக்குமாறு ஒரு மாணவரைப் பணித்தேன். அவருக்குச் சொல் தடைபடும். ஓரடியை மூன்றிடத்தில் நிறுத்தி நிறுத்திப் படித்தார். வகுப்பைக் கலகலப்பாக வைத்திருக்க வேண்டும் என்னும் ஆசையில், "நம் நண்பர் தவணை முறையில் படிக்கிறார்" என்றேன். வகுப்பு வெடித்துச் சிரித்தது, அவரும் சிரித்தார். அன்று முதல் மூன்றாண்டுகளும் அவருக்குத் 'தவணை' என்பதே பெயராயிற்று. அதன்பின் அவர் என் வகுப்பில் வாய்திறந்து படித்ததாக எனக்கு நினைவில்லை. பல்லாண்டுகள் கழித்து ஒரு நிக்காஹ் வீட்டில் நடுவயது எய்திய ஒருவர் என் கையைப் பற்றி, "என்னைத் தெரியவில்லையா ஐயா? நான்தான் தவணை" என்றார். பெற்றோர் இட்ட பெயரைச் சொன்னால் ஆசிரியருக்கு நினைவு வராது என்று அவர் கருதியிருக்க வேண்டும். அவர் கருதியது சரியே. அப்பெயர் எனக்கு நினைவில்லை.

ஒருவரையொருவர் அடித்துக்கொண்டால் நாம் விழித்துக்கொள்கிறோம். 1996ஆம் ஆண்டு மருத்துவக் கல்லூரி மாணவர் ஒருவர் மூத்த மாணவரால் கொல்லப்பட்ட கொடுமையை அடுத்தே, ராகிங்கைத் தடைசெய்யும் சட்டம் 1997இல் தமிழ்நாட்டில் வந்தது. பல்கலைக்கழக மானியக்குழு தன் விதிமுறைகளை 2009இல் வகுத்தது. இவை பெரும்பாலும் கல்லூரிகளையும் விடுதிகளையும் கருத்திற்கொண்டு எழுந்தவை. ஆனால் கல்லூரிக்கு வரும் மாணவன் கேலி செய்யவும் கேலிக்கு ஆளாகவும் பள்ளியிலேயே பழகிவிடுகிறான். இலங்கையிலும் மலேசியாவிலும் தமிழர் வழங்கும் 'பகடிவதை' என்னும் சொல் இதற்கு மிகப் பொருந்துவது. பகடி எங்கு முடிகிறது, வதை எங்குத் தொடங்குகிறது என்று பிரிக்கவொண்ணாதபடி இரண்டும் ஒரே சொல்லில் ஒட்டிக்கிடக்கின்றன.

2023 ஆகஸ்ட் திங்களில் நெல்லை மாவட்டம் நாங்குநேரியில் நிகழ்ந்ததை நாம் மறந்திருக்க முடியாது. பட்டியல் வகுப்பைச் சார்ந்த பன்னிரண்டாம் வகுப்பு மாணவரை உடன் பயின்ற மாணவர்களே இரவில் வீடு புகுந்து அரிவாளால் வெட்டினர். தடுக்க வந்த தங்கையும் வெட்டுண்டார். சாதியின் பெயரால் தமக்கு நேர்ந்த தொல்லையை அம்மாணவர் பள்ளியில் தெரிவித்த பின்னரே இது நடந்தது என்பதைக் கல்வியாளர்கள் ஆழ்ந்து எண்ணவேண்டும். சொல்லாமல் இருந்தால் வதை; சொன்னால் வெட்டு என்றால் எந்தப் பிள்ளை வாய்திறக்கும்? இதனையொட்டி அரசு அமைத்த நீதியரசர் சந்துரு குழு 2024 சூனில் அறிக்கை அளித்தது. சாதியைக் காட்டும் வண்ணக் கயிறுகளையும் மோதிரங்களையும் நெற்றிக் குறிகளையும் பள்ளிக்குள் தடுக்கவேண்டும் என்பது அதன் பரிந்துரைகளுள் ஒன்று. கையிலுள்ள கயிற்றை அறுத்துவிடலாம். நாவில் கட்டியிருக்கும் கயிற்றை அறுப்பது ஆசிரியர் கையில்தான் உள்ளது.

'அது அங்கே, நம்மிடம் சாதியில்லை' என்று நம் சமுதாயப் பெரியோர் சிலர் கூறக்கூடும். அவர்கள்முன் பணிவுடன் ஒன்றை வைக்கிறேன். திருமறையின் 49ஆம் அத்தியாயமாகிய அல்ஹுஜுராத்தின் 11ஆம் வசனம், ஒரு கூட்டத்தார் மற்றொரு கூட்டத்தாரை எள்ளுவதையும், ஒருவரையொருவர் பட்டப்பெயரால் அழைப்பதையும் வெளிப்படையாகத் தடுக்கிறது. தொழுகையையும் நோன்பையும் பிள்ளைகளுக்குக் கண்ணுங்கருத்துமாகக் கற்பிக்கும் நாம் இந்தத் தடையை அதே கண்டிப்புடன் கற்பிக்கிறோமா? ஓதும் பள்ளியிலேயே நொண்டி, ஊமை, கறுப்பன் என்று பிள்ளைகளை அழைக்கக் கேட்டிருக்கிறேன். பெரியவர்களே அழைக்கவும் கேட்டிருக்கிறேன்.

நபித்தோழர் அபூதர் (ரலி) அவர்கள் ஒருவரை அவருடைய தாயைச் சுட்டி இழித்துரைத்தார்கள். இழித்துரைக்கப்பட்டவர் பிலால் (ரலி) அவர்களே என்று விளக்கவுரைகள் கூறும். அறியாமைக்காலத்தின் குணம் இன்னும் உம்மிடம் இருக்கிறது என்னும் பொருள்பட நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் அபூதரைக் கடிந்தார்கள். புகாரியில் பதிவான இச்செய்தியில் என்னை மிகவும் கவர்வது இதுவன்று. பின்னாளில் அபூதர் தம் பணியாளுக்கும் தமக்கும் ஒரே வகை ஆடை அணிந்திருப்பதைக் கண்டு ஒருவர் காரணம் வினவ, அவர்களே தம் வாயால் தம் தவற்றை எடுத்துரைக்கிறார்கள். மறைத்திருக்கலாம், மறைக்கவில்லை. இழித்துரைத்தவரே அதனை நினைவில் வைத்திருந்தார். நம் பள்ளிகளில் நடப்பது நேர்மாறு; இழிவுபட்டவன் மட்டுமே நினைவில் வைத்திருக்கிறான்.

நம் நிருவாகங்களில் மற்றொரு பழக்கமும் உண்டு. முறையீடு வந்ததும் இரு பிள்ளைகளையும் ஒருங்கே நிறுத்தி, "கைகொடுத்துக்கொள்ளுங்கள், நாம் எல்லாரும் சகோதரர்கள்" என்று முடித்துவைக்கிறோம். தவறு செய்தவன் பெரிய வீட்டுப் பிள்ளையாயின் இது இன்னும் விரைவாக முடியும். சமமான இருவர் சண்டையிட்டால் சமாதானம் பொருந்தும். வலியவன் மெலியவனை நாள்தோறும் வதைப்பது சண்டையன்று. அங்கே கைகொடுக்கச் செய்வது மெலியவனுக்கு நாம் இழைக்கும் இரண்டாவது வதை. இருவரையும் தனித்தனியே அழைத்து விசாரிக்க வேண்டும். முறையிட்டவனை அன்றோடு மறந்துவிடாமல் வாரம் ஒருமுறையேனும் யாரும் அறியாமல் கேட்டறிய வேண்டும்.

நார்வே நாட்டில் 1982இல் சிறுவர் மூவர் தற்கொலை செய்துகொண்டதை அடுத்து, மறு ஆண்டே பள்ளிக் கொடுமைக்கு எதிரான இயக்கத்தை நாடுமுழுவதும் தொடங்கினார்கள். டான் ஒல்வேயஸ் என்னும் உளவியலறிஞர் அதற்குத் துணைநின்றார். பின்லாந்தின் தூர்க்கு பல்கலைக்கழகத்தில் உருவாகி 2009 முதல் அந்நாட்டுப் பள்ளிகளில் பரவிய 'கிவா' திட்டம் இன்னும் ஒருபடி சென்று, வேடிக்கை பார்ப்போரைத் திருத்துவதில் பெருங்கருத்துச் செலுத்தியது. வதைப்பவன் அவையை நோக்கியே வதைக்கிறான். அவை சிரிக்காவிடில் அவன் ஆட்டம் எடுபடாது. என் வகுப்பில் பின்வரிசை சிரித்தது போலவும், 'தவணை' என்றபோது முழு வகுப்பும் சிரித்தது போலவும்.

அரசுப் பள்ளிகளில் 'மாணவர் மனசு' என்று ஒரு பெட்டி வைத்திருக்கிறார்கள், நல்ல ஏற்பாடு. 14417, 1098 ஆகிய தொலைபேசி எண்களும் உள்ளன. ஆனால் பெட்டியைத் தலைமையாசிரியர் அறை வாயிலில் எல்லார் கண்ணிலும் படும்படி வைத்தால், யார் சீட்டுப் போட்டார் என்பது அன்று மாலையே பள்ளிக்குத் தெரிந்துவிடும். நாம் நடத்தும் பள்ளிகளின் தாளாளர்கள் அடுத்த நிருவாகக் கூட்டத்தில் இதையொரு பொருளாக எடுத்துக்கொள்வார்களாக. ஆசிரியர் பட்டப்பெயர் சொல்லி மாணவரை அழைக்கலாகாது என்று ஒரு வரி எழுதி, ஆசிரியர் அறையிலேயே ஒட்டுவதற்குச் செலவு ஏதுமில்லை.

சில ஆண்டுகளாக முதல்நாள் வகுப்பில் நான் வருகைப்பதிவேட்டைப் பார்த்து அழைப்பதில்லை. ஒவ்வொருவரும் எழுந்து, தம்மை எப்பெயரால் அழைக்கவேண்டுமோ அதனைத் தாமே கூறுகிறார்கள். சொல் தடைபடுபவர் எழுந்தால் வகுப்பு காத்திருக்கிறது. அவர் கூறி முடிக்கும்வரை நான் பேனாவை எடுப்பதில்லை.